கையெழுத்து எழுந்து போன குடும்பம்

தெற்குப்பேரியில் கையெழுத்து எழுந்து நடந்த முதல் நாள் ஒரு செவ்வாய்க்கிழமை. அன்று ஆடுகளுக்குத் துள்ளுமாரித் தடுப்பூசி போடுகிற நாளாக இருந்ததால், கால்நடை மருந்தகத்து வாசலில் நானூறு ஆடுகளும் அவற்றை இழுத்துப் பிடித்தபடி அறுபது எழுபது பேரும் நின்றிருந்தார்கள். ஆகவே இதற்குச் சாட்சி இல்லை என்று பிற்காலத்தில் எவரும் வாயைத் திறக்க முடியாது. ஆடுகளின் சாட்சி செல்லாது என்றே வைத்துக்கொண்டாலும் மிச்சத்துக்கு ஆள் தேறும்.

மருந்தகத்தை ஒட்டினாற்போல் பின்பக்கம் இருந்த ஓட்டு வீட்டில்தான் பூரணத்தாய் இருபத்தெட்டு வருஷமாகக் குடியிருந்தாள். அவள் புருஷன் ஆவுடையப்பன் அங்கே பராமரிப்பு உதவியாளர். பட்டம் பெரிதாக இருந்தாலும், டாக்டர் ஊசி போடும்போதும் சினை பார்க்கும்போதும் மாடு டாக்டரை உதைத்துவிடாமல் பிடித்துக்கொள்வதுதான் அந்த வேலையின் சாரம். பெயரிலேயே ஆவை வைத்திருந்த அந்த மனிதருக்கு மாடென்றால் பயம். கல்யாணமான இரண்டாம் மாதம், மயிலைக் காளையொன்று, ஊசி போட மாட்டை நிறுத்துகிற இரும்புக் கூண்டுக்குள் போகமாட்டேன் என்று முரண்டு பிடித்தபோது அவர் மருந்து அலமாரிக்குப் பின்னால் போய் நின்றுகொண்டதையும், தோசை மாவு அப்பிய கையோடு அடுக்களையிலிருந்து வந்த பூரணம் மூக்கணாங்கயிற்றைப் பற்றி அதன் காதருகே என்னவோ சொல்லி உள்ளே கொண்டுபோய் நிறுத்தியதையும் ஊரே பார்த்தது. அன்றிலிருந்து மாட்டைப் பிடிப்பது அவள், பதிவேட்டை முத்துமுத்தாக எழுதுவது அவர், சம்பளம் வாங்குவதும் அவர் என்று ஓர் ஏற்பாடு தானாக அமைந்தது. வந்து போன டாக்டர்கள் ஏழு பேரும் மேலிடத்துக்கு அதை எழுதவில்லை, ஊர் அதில் குற்றம் காணவில்லை, பூரணமும் காணவில்லை.

ஆவுடையப்பன் மாடு முட்டிச் சாகவில்லை. டீக்கடை பெஞ்சில், பாதி டம்ளர் மிச்சமிருக்க, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். பணியில் இருக்கும்போதே இறந்தவர் என்று அவரைப் பற்றி எழுதினார்கள். பூரணம் பதினாறு நாள் தலைவிரிகோலமாகக் கிடந்து அழுதாள். பதினேழாம் நாள் கோமாரி ஊசி முகாம் என்று வாசலில் மாடுகள் கத்தவும் கொண்டையை முடிந்துகொண்டு எழுந்துபோய்ப் பிடித்தாள். அவளை யாரும் கூப்பிடவில்லை, யாரும் போகச் சொல்லவுமில்லை. அப்போது புதிதாக வந்திருந்த டாக்டர் ரோஸ்லின், இந்தம்மா யார் என்று கேட்கவே ஒரு வாரம் ஆயிற்று.

பணியில் இறந்தவரின் குடும்பத்தில் ஒருவருக்குக் கருணை அடிப்படையில் வேலை கொடுப்பார்கள். மூன்று வருஷத்துக்குள் கேட்க வேண்டும். கேட்கிறவரைத் தவிர மற்ற வாரிசுகள் எல்லோரும், இன்னாருக்கு வேலை கொடுப்பதில் எங்களுக்கு யாதொரு ஆட்சேபணையும் இல்லை என்று ஒரே தாளில் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். கருணை என்னவோ அரசாங்கத்தினுடையது, ஆனால் அதைக் காட்டும்படி கேட்டது அண்ணன் தம்பி தங்கையிடம். அங்கேதான் சிக்கல். மூத்தவன் சண்முகவேல் லாரி புக்கிங் ஆபீஸில் இருந்தான். தலைப்பிள்ளைக்குத்தான் உரிமை, நான்தான் கொள்ளி வைத்தவன் என்றான். நடுவில் உள்ள மாரிச்செல்வியைப் பக்கத்து ஊரில் கட்டிக்கொடுத்திருந்தது. பன்னிரண்டாம் வகுப்பில் பள்ளிக்கூடத்திலேயே முதல் மார்க் வாங்கியவளைப் படிக்கவைக்காமல் பத்தொன்பது வயதில் தாலி கட்டவைத்தீர்களே, அதற்கு இதுதான் ஈடு என்றாள். இளையவன் இசக்கிராஜா, டிப்ளமா முடித்துவிட்டு இருபத்திரண்டு வயதில் சும்மா இருந்தவன், அப்பா சாகிறதுக்கு முந்தின வாரம் என் வேலை உனக்குத்தான் என்று சொன்னார் என்றான். அப்படிச் சொன்னதை வேறு யாரும் கேட்கவில்லை, சொன்னவரைக் கூப்பிட்டுக் கேட்கவும் வழியில்லை. ஆடி போய் ஆவணி வந்து, பொங்கல் போய்ப் பங்குனி வந்து, மூன்று வருஷம் என்பது கழுதை தேய்ந்து கட்டெறும்பான கதையாக ஐந்து மாதத்தில் வந்து நின்றபோது, தாய்மாமன் வந்து உட்கார்ந்து, தலைப்பிள்ளைக்கே விட்டுக்கொடுங்கள் என்று பேசி முடித்தார். அன்றுதான் அந்தச் செவ்வாய்க்கிழமை.

மருந்தகத்து பெஞ்சில் தாளை வைத்து மாரிச்செல்வியும் இசக்கிராஜாவும் கையெழுத்துப் போட்டார்கள். பூரணம் இரண்டு கையிலும் ஆடுகளைப் பிடித்துக்கொண்டிருந்தாள். "அம்மா அப்புறமாப் போடட்டும், அம்மா கையெழுத்து எங்க போயிரப் போவுது" என்றான் சண்முகவேல். அவன் சொல்லி வாயை மூடுவதற்குள் மாரிச்செல்வியின் கையெழுத்து, முதலில் தலைப்பக்கம், பிறகு இடுப்பு, பிறகு வாலாக நீண்ட அந்தக் கடைசிக் கோடு என்று தாளை விட்டுப் பிரிந்து எழுந்தது, ஒரு தடவை உடம்பை உதறிக்கொண்டது, பெஞ்சின் கால் வழியாக இறங்கி, ஆடுகளின் குளம்புகளுக்கு இடையில் யாருக்கும் இடைஞ்சல் இல்லாமல் நடந்து, அவளுடைய கைப்பைக்குள் ஏறி, அதில் பத்திரமாக மடித்து வைத்திருந்த பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலின் மேல் போய்ப் படுத்துக்கொண்டது. இசக்கிராஜாவின் கையெழுத்து அவ்வளவு தூரம் போகவில்லை. சுவரில் மாட்டியிருந்த அப்பாவின் காக்கிச்சட்டைப் பைக்குள் புகுந்துகொண்டது.

வரிசையில் இரண்டாவதாக நின்ற கிழவர், "ஆட்சேபணை இருந்தா எந்திரிச்சுத்தான போவும், அது என்ன தாள்ல கெடந்து சாவவா செய்யும்?" என்று கேட்டார். கேட்டது நியாயமாகப் பட்டதால் எல்லோரும் ஆமாம் என்றார்கள். டாக்டர் ரோஸ்லின் அடுத்த ஆட்டைக் கொண்டுவரச் சொன்னார்.

சண்முகவேல் லேசில் விடுகிறவனா? புது மை வாங்கினான், பால்பாயிண்ட் பேனா வாங்கினான், தாளை மாற்றினான். எல்லாம் ஒன்றுதான், உலர்கிறவரைக்கும் சாதுவாக இருந்துவிட்டு உலர்ந்ததும் கிளம்பின. செலோ டேப்பை மேலே ஒட்டினார்கள். டேப் மட்டும் இருந்தது. ஜெராக்ஸ் கடையில் போய்ச் சூட்டோடு சூடாக லேமினேஷன் செய்தார்கள். கண்ணாடித்தாளுக்குள் மாட்டிக்கொண்ட இரண்டு கையெழுத்தும் மூலைக்கு மூலை ஓடி முட்டி முட்டி, பார்க்கிறவர்களுக்கே பாவமாகப் போய், பூரணம் கத்தரிக்கோலை எடுத்து ஓரத்தை வெட்டிவிட்டாள். நோட்டரி வக்கீல் அருணாசலவடிவு பச்சை மையில் முத்திரை குத்திப் பார்த்தார். முத்திரை நின்றது, அதன் அடியிலிருந்து கையெழுத்து நழுவியது. கட்டைவிரல் ரேகை வைத்துப் பார்த்ததில், ரேகை சுற்றுச் சுற்றாகப் பிரிந்து ஒரே நூலாகி, ஊசி கோக்கிற மாதிரி ஜன்னல் கம்பிக்குள் நுழைந்து போய்விட்டது. சரி, மாரிச்செல்விக்கே வேலையைக் கொடுத்துவிடுவோம் என்று தாளைத் திருப்பி எழுதினார்கள். சண்முகவேலின் கையெழுத்து, ஆட்டுக்கொம்பு மாதிரி இரண்டு சுழி உள்ள பெரிய கையெழுத்து, தாளைக் கிழித்துக்கொண்டே எழுந்தது.

ஊர் இதற்கு ஒரே மாதத்தில் பழகிக்கொண்டது. வாசல் தெளிக்கிறவர்கள் இந்தக் குடும்பத்துக் கையெழுத்து ஏதாவது கோலத்தில் சிக்கிக் கிடந்தால் ஈர்க்குச்சியால் ஓரமாகத் தள்ளிவிட்டார்கள். டீக்கடை லட்சுமணன் பாய்லருக்குப் பக்கத்தில் வராதபடி ஒரு செங்கல்லை வைத்தான், சூடு பட்டுவிடக் கூடாதல்லவா. மாட்டுத் தரகர்கள் தங்கள் ஒப்பந்தத்தை எல்லாம் அதே பெஞ்சில் வைத்துக் கையெழுத்துப் போட்டுப் பார்த்தார்கள். அவர்களுடைய கையெழுத்து எவ்வளவு பொய்க்கு அடியிலும் அசையாமல் கிடந்தது. அதனால் இந்தக் குடும்பத்தின்மேல் தெற்குப்பேரிக்குக் கொஞ்சம் பொறாமைதான். ரோஷமுள்ள குடும்பம், பொய்க்குக் கீழே படுக்காத கையெழுத்து என்று பேச்சாகி, இசக்கிராஜாவுக்கு ஒரு சம்பந்தம்கூட வந்தது. வந்தவர்கள் விவரமானவர்கள். வரதட்சணை எதுவும் வேண்டாம் என்று மாப்பிள்ளை எழுதிக் கையெழுத்துப் போடட்டும் என்று தாளை நீட்டினார்கள். அவனும் பெருந்தன்மையாகப் போட்டான். கையெழுத்து நிதானமாக எழுந்து, பெண்ணின் தாயார் மடிமேல் ஏறி, அவர் கையிலிருந்த ஆறு வளையல்களில் அகலமான வளையலைத் தேர்ந்தெடுத்து ஒட்டிக்கொண்டது. சம்பந்தம் நின்றுபோனாலும் அவர்கள் வருத்தப்படாமல் காப்பி குடித்துவிட்டுத்தான் போனார்கள். பையன் எப்படியோ, கையெழுத்து நல்ல கையெழுத்து என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

மாவட்ட அலுவலகம்தான் பழக மறுத்தது. அந்தப் பிரிவின் எழுத்தர் தங்கபுஷ்பம், இருபது வருஷமாகக் கருணைக் கோப்புகளையே பார்த்துப் பார்த்துக் கருணை என்ற சொல்லைக் கேட்டாலே கொட்டாவி விடுகிற அம்மாள், ஒவ்வொரு முறையும் தாளைத் திருப்பி அனுப்பினார். ஆட்சேபணை இன்மைக் கடிதத்தில் கையொப்பம் காணப்பெறவில்லை, கையொப்பம் வெளியேறியது தொடர்பாக அரசாணை ஏதும் நடைமுறையில் இல்லை, எனவே மூலத்தில் உள்ளவாறு திருப்பப்படுகிறது என்று அழகாக எழுதியிருந்தது. கீழே அவருடைய கையெழுத்து ஆணி அடித்த மாதிரி இருந்தது. அரசாங்கக் கையெழுத்துக்கு எங்கும் போகத் தோன்றாது போலிருக்கிறது.

கடைசியில் டாக்டர் ரோஸ்லினுக்குத்தான் பொறுமை போயிற்று. பிள்ளைகள் மூன்று பேரையும் வாசலில் நிறுத்தி வைத்துக் கேட்டார். "வேலைக்கு இந்த அடி அடிச்சுக்கிடுதீங்களே, அது என்ன வேலைன்னு ஒருத்தராவது பாத்திருக்கீங்களா?"

பிறந்ததிலிருந்து மருந்தகத்துக்குப் பின்னாலேயே வளர்ந்த அந்த மூன்று பேரும், ஏன் தெரியாமல் என்றார்கள். வேலை என்றால் அப்பா மின்விசிறிக்கு அடியில் உட்கார்ந்து பதிவேடு எழுதுவது. மாடு பிடிப்பது என்பது அம்மா, சோறு பொங்குவது துணி துவைப்பது மாதிரி, செய்துகொண்டிருப்பது. அது வேலை என்று அவர்களுக்கு யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை. ஆளுக்கொரு நாள் பிடித்துப் பாருங்கள் என்றார் டாக்டர்.

சண்முகவேலுக்குக் கோயில் காளை வாய்த்தது. கொம்படியில் புண், மருந்து வைக்க வேண்டும். தள்ளி நில்லும்மா, நான் பார்த்துக்கொள்கிறேன் என்று பூரணத்திடமிருந்து கயிற்றை வாங்கினான். காளை அவனை ஒரு தடவை பார்த்தது. பிறகு அவனையும் கயிற்றையும் சேர்த்து அம்மன் கோயில் வாசல் வழியாக, ரேஷன் கடை வழியாக, குளத்துக்குள் கொண்டுபோய் இறக்கியது. தெருவில் நின்றவர்கள் எல்லாம், பரவாயில்லையே, கயிற்றை விடவில்லையே என்று மெச்சினார்கள். கயிறு அவன் கையில் சுற்றிக்கொண்டிருந்தது அவர்களுக்குத் தெரியாது. ஒற்றைச் செருப்போடு சேறு சொட்டச் சொட்டத் திரும்பி வந்தவன் கையைக்கூடக் கழுவாமல் பேனாவைக் கேட்டான். யாருக்கு வேண்டுமானாலும் கொடுங்கள், எனக்கு வேண்டாம் என்று அவன் போட்ட கையெழுத்து, தாளின் பின்பக்கம் தடவிப் பார்த்தாலே தெரிகிற மாதிரி அழுந்தி உட்கார்ந்தது. அசைத்துப் பார்த்தார்கள், அசையவில்லை.

மாரிச்செல்விக்கு ஈனமுடியாத எருமை. காலையில் ஆரம்பித்து மூன்று மணி நேரம் வாலைப் பிடித்துக்கொண்டு நின்று, கன்று வெளியே வரும்போது கூடவே வந்த எல்லாவற்றிலும் அவள் குளித்தாள். வேலிக்கு வெளியே மூக்கில் கர்ச்சீப்பை வைத்துக்கொண்டு நின்ற அவள் புருஷன், தினமும் இப்படித்தான் வீட்டுக்கு வருவியா என்று கேட்டான். அவளுக்கு அழுகை வந்தது, மாட்டுக்காக இல்லை. எனக்கு வேலையும் வேண்டாம் ஒன்றும் வேண்டாம், என்னைக் காலேஜில் சேருங்கள், அதுதான் நான் கேட்டது, அதை ஒருத்தரும் கேட்கவில்லை என்று ஊர் முன்னால் சொன்னாள். புருஷன் கர்ச்சீப்பை எடுத்துவிட்டு, சேர்த்துவிடுகிறேன் என்றான். அப்படியும் அவளுடைய கையெழுத்து அவனை நம்பாமல் இரண்டு தடவை எழுந்து எழுந்து பார்த்தது. அவன் தொலைதூரக் கல்விக்கு விண்ணப்பம் வாங்கிக்கொண்டு வந்த அன்று படுத்தது.

மூன்றாவது நாள் இசக்கிராஜாவுக்கு ஏதோ பரீட்சை. நான்காவது நாள் காய்ச்சல். வேலை கிடைத்த பிறகு பயிற்சி கொடுப்பார்கள்தானே, அப்போது பார்த்துக்கொள்கிறேன் என்று கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்தே சொன்னான். எப்படியோ ஆள் முடிவாகிவிட்டது, போட்டிக்கு வேறு யாரும் இல்லை. மூன்று வருஷம் முடிய ஒன்பது நாள் இருந்தது.

இனிப் பூரணத்தின் கையெழுத்து மட்டும்தான். அதற்கு யாரும் கூட்டம் போடவில்லை. அவள் கழுநீர்த் தொட்டிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு வந்து, கையைச் சேலையில் துடைத்து, அறிவொளி வகுப்பில் கற்றுக்கொண்ட மாதிரி ஒவ்வொரு எழுத்தாக, பூ, ர, ண, த், தா, ய் என்று போட்டாள். போட்டுவிட்டு நல்லதாகப் போயிற்று என்று நிஜமாகவே நினைத்தாள். பெற்ற பிள்ளைக்கு வேலை கிடைப்பதில் எந்தத் தாய்க்கு ஆட்சேபணை இருக்கும்? அந்த ஆறு எழுத்தும் தலையாட்டிவிட்டு எழுந்தன. ஒன்றன் பின் ஒன்றாக, பிரார்த்தனைக் கூட்டத்துக்குப் போகிற பள்ளிப்பிள்ளைகள் மாதிரி வரிசை பிசகாமல் நடந்து, வாசலைத் தாண்டி, மாட்டை நிறுத்துகிற இரும்புக் கூண்டில் ஏறி, இருபத்தெட்டு வருஷமாக அவள் கை பட்டுப் பட்டுத் தேய்ந்து பளபளத்த அந்தக் குறுக்குக் கம்பியில் போய் உட்கார்ந்துகொண்டன.

அதற்கு ஊர் சிரிக்கவில்லை. இசக்கிராஜா சாப்பிடாமல் போய்ப் படுத்துக்கொண்டான். அம்மாவுக்கு எப்போதும் அண்ணன்மேல்தான் பாசம் என்று அவனும், தங்கைமேல்தான் என்று சண்முகவேலும், தம்பிமேல் இருக்கிறதாக இத்தனை நாள் நடித்தாள் என்று மாரிச்செல்வியும் பேசிக்கொண்டார்கள். மூன்று பேரும் ஒற்றுமையாக ஒன்றைப் பேசியது அதுதான் முதல் தடவை. பூரணம் கூனிக் குறுகிப் போனாள். சாஸ்தா கோயிலில் சூடத்தை அணைத்து, எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்லை சாமி என்று சத்தியம் செய்துவிட்டு வந்து மறுபடி போட்டாள். மறுபடி கூண்டுக் கம்பி. விரதம் இருந்து போட்டாள். கூண்டுக் கம்பி. பிள்ளைக்குக் குறுக்கே நிற்கிற பாவி என்று தன்னையே திட்டிக்கொண்டு சோப்புப் போட்டு அந்தக் கம்பியைத் தேய்த்துக் கழுவினாள். எழுத்துகள் கழுவ இடம் கொடுத்துவிட்டு, காய்ந்ததும் திரும்ப வந்து உட்கார்ந்தன. அந்த ஒன்பது நாளும் காலையில் மாடுகளுக்கு மட்டும்தான் அவளால் முகத்தைக் காட்ட முடிந்தது.

கடைசி நாள் நான்கு பேரும் பஸ் ஏறி மாவட்ட அலுவலகத்துக்குப் போனார்கள். சண்முகவேல் ஒரு யோசனை வைத்திருந்தான். அம்மா மேசைமேலேயே கையெழுத்துப் போடுவது, மை உலருவதற்குள் தங்கபுஷ்பம் மேடம் பெற்றுக்கொண்ட முத்திரையைக் குத்திவிடுவது, பிறகு அது எங்கே போனால் நமக்கென்ன. மேடமும், இந்தக் கோப்பு தொலைந்தால் சரி என்ற முடிவுக்கு வந்திருந்ததால், முத்திரையை மையில் தோய்த்து ஓங்கிப் பிடித்துக்கொண்டார். பூரணம் குனிந்தாள். கடைசி எழுத்தின் புள்ளியை வைத்த அதே நொடியில் முத்திரை இறங்கியது. எடுத்துப் பார்த்தபோது வெறுந்தாளில் முத்திரை மட்டும் இருந்தது.

ஆறு எழுத்தும் அப்போதே மேசையின் நடுவில் போய்க்கொண்டிருந்தன. ஊருக்குப் போகிற பாதை அல்ல அது. மைப்பெட்டியைச் சுற்றி, சிவப்பு நாடா கட்டிய கோப்புகள்மேல் ஏறி இறங்கி, தங்கபுஷ்பத்தின் சாப்பாட்டு டப்பாமேல் நின்று ஒருமுறை மூச்சு வாங்கிக்கொண்டு, ஓரத்தில் அடுக்கியிருந்த, கருணை வேலைக்கான வெற்று விண்ணப்பங்களுக்குள் நுழைந்தன. மேடம் அந்தக் கட்டைப் பிரித்தார். நான்காவது பக்கத்தில், விண்ணப்பதாரர் கையொப்பம் என்று அச்சடித்திருந்த கட்டத்துக்குள், ஆறும் கைகட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தன.

பெரிய ஆச்சரியமெல்லாம் அவருக்கு இல்லை. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வயது கேட்டார். நாற்பத்தேழு என்றாள் பூரணம். எழுதப் படிக்கத் தெரியுமா என்பதைக் கேட்க வேண்டியிருக்கவில்லை. மனைவிக்கு ஐம்பது வயது வரைக்கும் இடம் உண்டு, முதல் உரிமையே மனைவிக்குத்தான், மூன்று வருஷமாக நீங்கள் கேட்கவில்லை என்பதால் நான் சொல்லவில்லை என்று, குறிப்பு எழுதுகிற அதே குரலில் சொன்னார். பூரணம் பதறிப்போய், அது தெரியாமல் போய் உட்கார்ந்துவிட்டது மேடம், சின்னவனுக்கே கொடுங்கள், எனக்கு எதற்கு இந்த வயதில் என்று சொல்லிக்கொண்டே ஈர விரலால் எழுத்துகளைத் தள்ளினாள். அவை நகரவில்லை.

"வாயால சொல்லணும், விதி இருக்கு" என்றார் தங்கபுஷ்பம். "ஒங்களுக்கு இந்த வேலை வேணுமா, வேண்டாமா?"

பூரணத்தை அதுவரை யாரும் எதற்கும் அப்படிக் கேட்டதில்லை. கல்யாணத்துக்குக் கேட்கவில்லை, காளையைப் பிடிக்கக் கேட்கவில்லை. வேண்டாம் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். அந்தச் சொல் வரவில்லை. அதற்குப் பதிலாகக் காலையில் கூண்டு வாசலில் நின்று அவளுடைய சத்தம் கேட்டுக் காதைத் திருப்புகிற மாடுகளும், நாளைக்கு அங்கே வேறு யாரோ நிற்பார்கள் என்ற நினைப்பும், அந்த நினைப்பில் இத்தனை நாள் அவளுக்கு வயிறு எரிந்ததும் ஒன்றாக மேலே வந்தன.

"வேணும்" என்றாள். அவளுக்கே வெட்கமாக இருந்தது. மறுபடியும், "எனக்கு வேணும்" என்றாள்.

அலுவலகம் மூடக் கால் மணி நேரம் இருந்தது. மேடம் புதுத் தாளை எடுத்து, தாயாருக்கு வேலை கொடுப்பதில் எங்களுக்கு யாதொரு ஆட்சேபணையும் இல்லை என்று எழுதி மூன்று பிள்ளைகள் பக்கம் தள்ளினார். சண்முகவேல் போட்டான்; கிடந்தது. மாரிச்செல்வி அம்மாவைப் பார்த்துக்கொண்டே போட்டாள், கிடந்தது. இசக்கிராஜா நீண்ட நேரம் பேனாவை வைத்துக்கொண்டிருந்தான். சம்பந்தம் முன்பே போயிற்று, வந்த வேலையும் போகிறது, இன்னும் எத்தனை நாள் சும்மா இருக்கிறவன் என்ற பேர். போட்டான். அவனுடைய கையெழுத்து எழுந்தது. தாளின் விளிம்பு வரை நடந்து, கீழே எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றது. பூரணம் அதைத் தடுக்கக் கையை நீட்டப் போய், மடக்கிக்கொண்டாள். முத்திரையைக் கையில் வைத்துக்கொண்டு மேடம் சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தார்.

"யம்மா" என்றான் இசக்கிராஜா, யாரையும் பார்க்காமல். "எனக்கு மாடுன்னா பயம். அப்பாவ மாதிரியே. அப்பா அப்படி ஒண்ணும் சொல்லல, நாந்தான் சொன்னதாச் சொன்னேன்."

கையெழுத்து விளிம்பில் இன்னும் கொஞ்ச நேரம் நின்றது. பிறகு திரும்பி வந்து, அண்ணனுக்கும் அக்காவுக்கும் கீழே இருந்த இடத்தில் ஏறிப் படுத்துக்கொண்டது. முத்திரை விழுந்தது. தங்கபுஷ்பம் கோப்பைக் கட்டி, ஆணை வர எப்படியும் எட்டு மாதம் ஆகும், அதுவரை வந்து வந்து கேட்காதீர்கள் என்றார்.

திரும்பும்போது பஸ்ஸில் கூட்டம். சண்முகவேலும் மாரிச்செல்வியும் முன்னால் நின்றார்கள். பூரணத்துக்கும் இசக்கிராஜாவுக்கும் பின்னால் ஒரே சீட்டு கிடைத்தது. குளத்துக்கரை வளைவில் பஸ் திரும்பும்போது அவன் மெதுவாக, உனக்கு மட்டும் எப்படிம்மா பயமே இல்லாமல் போயிற்று என்று கேட்டான்.

பூரணம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். மயிலைக் காளையின் மூச்சு முகத்தில் அடித்த அந்தக் காலையையும், கையில் அப்பியிருந்த மாவு உலர்ந்து வெடித்ததையும், கயிற்றை விட்டுவிட்டு அடுக்களைக்கே ஓடிவிடப் பார்த்ததையும் இருபத்தெட்டு வருஷமாக அவள் ஒருவரிடமும் சொன்னதில்லை.

"பயமா? இன்னைக்குக் காலையிலகூட இருந்துச்சு எய்யா" என்றாள். "வீட்ல ரெண்டு பேரும் பயந்துக்கிட்டு நின்னா மாட்ட யாரு பிடிக்கது?"